மலாடில் ஒரு மியூனிக்காரர்

அசோக் குமாரைத் தெரியும். தேவிகா ராணியைத் தெரியும். பழைய இந்திப் படங்களில் கொஞ்சம் ஈடுபாடு உள்ளவர்களுக்கு ‘அச்சுத் கன்யா’வும் தெரியும்: 1936ஆம் வருஷப் படம், தீண்டாமையைப் பேசியது, மரக்கிளையில் உட்கார்ந்து இருவரும் ஒரு பாட்டுப் பாடுவார்கள். சரி, டைரக்டர் யார் என்று கேட்டுப்பாருங்கள். பாதிப்பேர் ஹிமான்ஷு ராய் என்பார்கள். மீதிப்பேர் செல்போனை எடுப்பார்கள். ராய் தயாரிப்பாளர். படத்தை இயக்கியவர் ஃப்ரான்ஸ் ஓஸ்டன் என்ற ஜெர்மானியர். சொந்த ஊர் மியூனிக். அந்தப் படம் எடுத்தபோது 60 வயதைத் தொட்டுக்கொண்டிருந்தார். இந்தி பேச வராது.

இவரைப் பற்றி யார் எழுதினாலும் வழக்கமாக ஒரே பல்லவிதான். இந்தியாவின் யானைகளையும் ராஜாக்களையும் பார்த்து மயங்கிய ஐரோப்பியர், மூன்று பிரமாண்டமான மௌனப் படங்கள் எடுத்தார், அப்புறம் பாம்பே டாக்கீஸில் வேலைக்குச் சேர்ந்து காணாமல் போனார் என்று. எனக்கு இது தலைகீழாகப் படுகிறது. மௌனப் படங்கள் கண்ணுக்கு விருந்து, மறுக்கவில்லை. ஆனால் சாகசமும் பளபளப்பும் தீர்ந்து, மாதச் சம்பளத்துக்குப் பம்பாயை அடுத்த மலாடில் குடும்பக் கதை எடுக்கத் தொடங்கிய பிறகுதான் மனிதர் இந்த நாட்டை உருப்படியாகப் பார்க்க ஆரம்பித்தார் என்பேன். அதே வருஷங்களில் பார்த்தே ஆகவேண்டிய வேறொன்றைப் பார்க்கவில்லை. அதற்குப் பிறகு வருகிறேன்.

முதலில் ஆளைப் பற்றி. 1876 டிசம்பரில் மியூனிக்கில் பிறந்தவர். நிஜப் பெயர் ஃப்ரான்ஸ் ஓஸ்டர்மைர். அப்பா வழியில் புகைப்படத் தொழில். கொஞ்ச காலம் நாடக நடிப்பும் முயன்று பார்த்தார். 1907இல் தம்பி பீட்டரோடு சேர்ந்து ஊர் ஊராகப் போய்ப் படம் காட்டும் கம்பெனி ஒன்று ஆரம்பித்தார். நம்மூரில் சாமிக்கண்ணு வின்சென்ட் டென்ட்டைத் தூக்கிக்கொண்டு அலைந்த அதே காலம்தான். அண்ணன் தம்பி காட்டிய துண்டுப் படங்களில் இந்திய வாழ்க்கையைப் பற்றிய ஒன்றும் உண்டு என்கிறார்கள். ஆரம்பமே ப்ரொஜெக்டர் தீப்பிடித்துத்தான். அண்ணன் அசரவில்லை. 1911 வாக்கில் கதைப்படம் எடுக்கத் தொடங்கிவிட்டார். நடுவில் முதல் உலகப்போர். அது முடிந்ததும் பவேரிய மலைக்கிராமத்து விவசாயிகளின் காதல், பகை, பழிவாங்கல் என்று உள்ளூர்ச் சரக்கு. தம்பி பீட்டர் கெட்டிக்கார வியாபாரி. 1919இல் மியூனிக்கை ஒட்டிய கைசல்காஸ்டைக்கில் ஸ்டூடியோ போட்டார். அதுதான் எமெல்கா, பின்னாளில் பவேரியா ஃபிலிம். ஹிட்ச்காக் தன் முதல் முழுநீளப் படமான ‘தி ப்ளெஷர் கார்டன்’ஐ 1925இல் எடுத்ததும் இதே வளாகத்தில்தான். அதே வருஷம் இன்னொரு கோஷ்டி அங்கிருந்து பெட்டி படுக்கையோடு பம்பாய்க்குக் கப்பலேறியது.

ஏன் பம்பாய்? ஜெர்மானியர்களுக்கு இந்தியா மேல் அப்போது ஒரு பித்து. 1921இல் தாகூர் அங்கே போனபோது கூட்டம் அலைமோதியது. ஹெஸ்ஸேயின் ‘சித்தார்த்தா’ 1922இல் வந்தது. சினிமாவும் சும்மா இருக்கவில்லை. ஜோ மை 1921இல் ‘இந்தியக் கல்லறை’ என்று இரண்டு பாகப் படம் எடுத்தார். கதை தியா ஃபான் ஹார்போவுடைய நாவல். திரைக்கதையில் ஃப்ரிட்ஸ் லாங்கும் உண்டு. மகாராஜா, யோகி, புலி, முதலை எல்லாம் இருக்கும். இந்தியா மட்டும் இருக்காது. கோயிலும் அரண்மனையும் பெர்லினுக்குப் பக்கத்தில் வோல்டர்ஸ்டார்ஃபில் போட்ட செட்டு. அந்தக் கதையை அவர்களால் விடவே முடியவில்லை: 1938இல் ரிச்சர்ட் ஐக்பெர்க் மறுபடி எடுத்தார், 1959இல் ஃப்ரிட்ஸ் லாங்கே வந்து உதய்ப்பூரில் இன்னொரு தடவை எடுத்தார். தியா ஃபான் ஹார்போ லாங்கைப் பிரிந்த பிறகு ஐயி டெண்டுல்கர் என்ற இந்தியரை ரகசியமாகத் திருமணம் செய்துகொண்டது தனிக்கதை. அதை எழுதினால் இந்தப் பதிவு முடியாது.

ஆக, ஜெர்மன் சினிமாவுக்கு இந்தியா தேவைப்பட்டது. இந்தியாவுக்குப் போகத்தான் ஆள் இல்லை. அந்த நேரத்தில் எமெல்காவின் கதவைத் தட்டியவர் ஹிமான்ஷு ராய். வங்காளி, சட்டம் படிக்க லண்டன் போய் நாடக மேடையில் ஏறியவர். கூட்டாளி எழுத்தாளர் நிரஞ்சன் பால். லால்–பால்–பால் மூவரில் ஒருவரான பிபின் சந்திர பாலின் மகன். 1907இல் சென்னைக் கடற்கரையில் முழங்கிவிட்டுப் போனாரே, அவருடைய பிள்ளை. அப்பா அந்நியத் துணியை எரிக்கச் சொன்னார், பிள்ளை அந்நியக் கேமராவை வரவழைத்தார் என்று விளையாட்டாகச் சொல்லலாம். ஒப்பந்தம் எளிமையானது. டைரக்டர், கேமராமேன்கள், கருவிகள் மியூனிக்கிலிருந்து வரும். படப்பிடிப்புச் செலவு, நடிகர்கள், இடங்கள் இந்தியத் தரப்பு பார்த்துக்கொள்ளும். ஐரோப்பாவில் படத்தை விற்கும் உரிமை எமெல்காவுக்கு. 1923இல் மார்க் நாணயம் செல்லாக்காசாகிப்போன நாட்டிலிருந்து வந்த கம்பெனிக்கு இதைவிட நல்ல பேரம் கிடைக்காது.

இப்படி வந்ததுதான் ‘லைட் ஆஃப் ஏஷியா’, இந்தியில் ‘பிரேம் சன்யாஸ்’. எட்வின் அர்னால்டின் ஆங்கிலக் காவியத்தை வைத்து எடுத்த புத்தர் கதை. ஓஸ்டனுக்கு அப்போது 48 வயது. கூட வந்த கேமராமேன்களில் ஒருவர் யோசெப் வியர்ஷிங், 22 வயதுப் பையன். இந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். ஜெய்ப்பூர் சமஸ்தானம் யானை, குதிரை, உடை, நகை எல்லாம் தாராளமாகக் கொடுத்தது. ராயே கௌதமராக நடித்தார். கௌதமரின் மனைவி கோபாவாக நடித்தது சீதா தேவி. அசல் பெயர் ரெனீ ஸ்மித், ஆங்கிலோ–இந்தியச் சிறுமி. ஸ்டூடியோ செட் கிடையாது, செயற்கை விளக்கு கிடையாது, மேக்கப்கூடக் கிடையாது என்று படத்தின் தொடக்கத்திலேயே டைட்டில் போட்டுப் பெருமையடித்துக்கொண்டார்கள். வோல்டர்ஸ்டார்ஃப் அட்டைக் கோயில்களைப் பார்த்துச் சலித்த ஜெர்மன் ரசிகனுக்கு அதுவே பெரிய விளம்பரம்.

படத்தின் முதல் சில நிமிஷங்கள் எனக்கு ரொம்பப் பிடிக்கும். கதை புத்தர் காலத்தில் தொடங்காது. வெள்ளைக்காரச் சுற்றுலாப் பயணிகள் வந்து ஊர் பார்ப்பார்கள். புத்தகயாவில் போதிமரத்தடியில் ஒரு முதியவர் அவர்களுக்குக் கதை சொல்ல ஆரம்பிப்பார். அதற்குப் பிறகுதான் கபிலவஸ்து. ஜெர்மனியில் சீட்டு வாங்கி உட்கார்ந்திருப்பவனை முதலில் சுற்றுலாப் பயணியாக்கிவிட்டுத்தான் புத்தரைக் காட்டுகிறார் ஓஸ்டன். தானும் அவர்களில் ஒருவன்தான் என்று அவரே ஒப்புக்கொள்வது மாதிரி இருக்கும். அந்த நேர்மை பிடித்தது. மற்றபடி ராயின் கௌதமர் கொஞ்சம் விறைப்பு. தெருவில் கிழவரையும் நோயாளியையும் காணும் கட்டங்களில் நிஜமான ஏழைகள் முகம் வரும்போது மட்டும் படம் சட்டென்று விழித்துக்கொள்ளும்.

ஐரோப்பாவில் படம் நன்றாக ஓடியது. 1926இல் விண்ட்ஸர் கோட்டையில் ஐந்தாம் ஜார்ஜ் மன்னருக்குப் போட்டுக் காட்டினார்கள். இந்தியாவில் அந்த அளவுக்கு எடுபடவில்லை. இலங்கையில் தடையே விதித்துவிட்டார்கள். புத்தரை ஒரு மனிதன் வேஷம் போட்டு நடிப்பதை அங்கே ஏற்கவில்லை. மியூனிக்காரர்களுக்கு இந்தச் சிக்கல் தோன்றியிருக்க வாய்ப்பில்லை. அவர்களுக்கு அது அழகான கீழைநாட்டுக் கதை. கும்பிடுகிறவனுக்குத்தானே அது சாமி.

அடுத்தது ‘ஷிராஸ்’, 1928. இந்தத் தடவை பெர்லினின் உஃபா ஸ்டூடியோவும் ஒரு பிரிட்டிஷ் கம்பெனியும் கூட்டு. தாஜ்மகாலைக் கட்டியது யார் என்பதற்கு நிரஞ்சன் பால் கட்டிய கற்பனை: குயவர் வீட்டுப் பையன் ஷிராஸ், தன்னோடு வளர்ந்த செலீமாவைக் காதலிக்கிறான், அவளை அடிமை வியாபாரிகள் கடத்திக்கொண்டுபோய் இளவரசர் குர்ரமிடம் விற்கிறார்கள், அவள் மும்தாஜ் ஆகிறாள், இவன் அவளுக்குக் கல்லறை வரைகிறான். வரலாற்று ஆசிரியர்கள் தலையில் அடித்துக்கொள்வார்கள். ஆனால் ஷிராஸை யானைக் காலில் மிதிக்கவிடும் தண்டனைக் காட்சி இருக்கிறது பாருங்கள். படுத்திருக்கும் ஆள், மேலே தூக்கிய கால், மறுபக்கம் ஓடிவரும் செய்தி. இன்றைக்குப் பார்த்தாலும் வயிற்றைப் பிசையும். இன்னொரு கொடூரமான கட்டம்: இதைப்போல் வேறொன்று கட்டிவிடக் கூடாது என்று பாதுஷா கண்ணைப் பிடுங்கச் சொல்லும்போது, அவன் ஏற்கெனவே குருடன் என்று தெரியவரும். அழுது அழுது, வேலை செய்து செய்து போன கண். தமிழ் நாடகமேடையில் இதைப் போட்டிருந்தால் கொட்டகை அதிர்ந்திருக்கும்.

மூன்றாவது, 1929இல் ‘எ த்ரோ ஆஃப் டைஸ்’, இந்தியில் ‘பிரபஞ்ச பாஷ்’. மகாபாரதச் சூதாட்டத்திலிருந்து கிளைத்த கதை. ரஞ்சித், சோஹத் என்று இரண்டு சூதாடி ராஜாக்கள், நடுவில் ஆசிரமத்துப் பெண் சுனிதா, கூடவே கள்ளப் பாய்ச்சிகை. ராஜஸ்தான் சமஸ்தானங்களிலிருந்து திரட்டிய யானைகளும் குதிரைகளும் ஆட்களும் திரை கொள்ளாமல் வரும். காட்டு வேட்டை, ஏரிக்கரை மாளிகை, ஊர்வலம் என்று எமில் ஷ்யூனெமானின் கேமரா ஒவ்வொன்றையும் ஓவியமாக்கியிருக்கும். நாயகன் சாரு ராயும் நாயகி சீதா தேவியும் உதட்டில் முத்தமிட்டுக்கொள்வதும் சாதாரணமாக வந்துபோகும். பிற்காலத்தில் நம் சினிமா முத்தத்துக்குப் பதில் இரண்டு பூவை முட்டவிட்டதை நினைத்தால் சிரிப்பு வரும். படத்துக்குக் கலை, உடை வேலையில் உதவியவர் தேவிகா சௌத்ரி என்ற இளம்பெண். அவருடைய அப்பா கர்னல் சௌத்ரி, சென்னை மாகாணத்தின் முதல் இந்திய சர்ஜன் ஜெனரல். அதே 1929இல் ஹிமான்ஷு ராயை மணந்துகொண்டு தேவிகா ராணி ஆனார்.

மூன்று படத்தையும் சேர்த்துப் பார்த்தால் ஒரு விஷயம் உறைக்கும். இவற்றில் 1920களின் இந்தியா எங்கேயும் இல்லை. ஒத்துழையாமை இல்லை, சைமன் கமிஷன் இல்லை, துணி மில் இல்லை. சுற்றுலாக்காரர்கள் வரும் அந்தச் சில நிமிஷங்களைக் கழித்துவிட்டால், ரயில்கூட ஓடாத தேசம். மாளிகை நிஜம், யானை நிஜம், வெயில் நிஜம். ஆனால் காலத்தை மட்டும் கவனமாகத் துடைத்து எடுத்துவிட்டார்கள். ஜோ மை செட்டுப் போட்டுச் செய்ததை ஓஸ்டன் நேரில் வந்து செய்தார். அவ்வளவுதான் வித்தியாசம் என்று கறாராகச் சொன்னால் தப்பில்லை.

அப்புறம் பேசும் படம் வந்து எல்லாவற்றையும் கவிழ்த்தது. மௌனப் படத்தில் எழுத்து அட்டையை மாற்றினால் போதும், பெர்லினுக்கும் பம்பாய்க்கும் ஒரே படம். பேச ஆரம்பித்ததும் எந்த மொழியில் என்ற கேள்வி. ராய் 1933இல் ‘கர்மா’ என்று ஆங்கிலத்திலும் இந்தியிலும் ஒன்றை எடுத்துப் பார்த்தார். அதில் ஓஸ்டன் இல்லை. அவர் பழையபடி ஆல்ப்ஸ் மலைக்குத் திரும்பி ‘டிரோலின் யூதாஸ்’ எடுத்துக்கொண்டிருந்தார். 1933இல் ஹிட்லர் வந்தாயிற்று. ஜெர்மனிக் கதவு இனித் திறக்காது என்று புரிந்துகொண்ட ராய், இந்தியாவிலேயே கடை விரிப்பது என்று முடிவெடுத்தார்.

1934இல் பாம்பே டாக்கீஸ் பிறந்தது. பம்பாய்க்கு வடக்கே மலாடில் எஃப். ஈ. தின்ஷா என்ற பார்சிப் பணக்காரரின் பங்களா வளாகத்தில் ஸ்டூடியோ. பங்கு விற்றுத் தொடங்கிய லிமிடெட் கம்பெனி. நிர்வாகக் குழுவில் சர் பட்டம் வாங்கியவர்கள். சின்னவர் பெரியவர் எல்லாருக்கும் மாதச் சம்பளம். இதற்குத்தான் ராய் தன் பழைய ஜெர்மன் தோழர்களை வரவழைத்தார். ஓஸ்டன் டைரக்டர், வியர்ஷிங் கேமரா, லேபுக்கு வில்ஹெல்ம் சொல்லே, செட்டுக்கு கார்ல் ஃபான் ஷ்பிரெட்டி என்ற பிரபுவம்சத்துக் கட்டடக்கலைஞர். இந்த ஷ்பிரெட்டி பின்னாளில் மேற்கு ஜெர்மனியின் தூதரானார்; 1970இல் குவாத்தமாலாவில் கெரில்லாக்கள் அவரைக் கடத்திச் சுட்டுக்கொன்றார்கள். மலாடில் குடிசை செட் போட்ட மனிதருக்கு அப்படி ஒரு சாவு.

இங்கேதான் ஓஸ்டனின் இரண்டாவது வாழ்க்கை. 1935இலிருந்து 1939க்குள் ஏறத்தாழ 15 படம். முதல் படம் ‘ஜவானி கி ஹவா’, பாதிக்குமேல் ரயிலில் நடக்கும் கொலைக்கதை. இசையமைத்த சரஸ்வதி தேவி உண்மையில் குர்ஷித் என்ற பார்சிப் பெண். தங்கையும் படத்தில் நடித்தார். எங்கள் வீட்டுப் பெண்கள் சினிமாவிலா என்று பார்சி சமூகத்தில் பெரிய ரகளை. அடுத்து ‘ஜீவன் நய்யா’ எடுக்கும்போது ரகளை ஸ்டூடியோவுக்குள்ளேயே வந்துவிட்டது. கதாநாயகன் நஜ்முல் ஹஸனோடு தேவிகா ராணி கல்கத்தாவுக்குப் போய்விட்டார், ராயின் மனைவியாக இருக்கும்போதே. ஸ்டூடியோவில் வேலை பார்த்த சசதர் முகர்ஜி சமாதானம் பேசி அவரைத் திருப்பிக் கூட்டிவந்தார். நஜ்முல் ஹஸனுக்குச் சீட்டுக் கிழிந்தது. அவசரத்துக்குப் பிடித்துப்போட்ட ஆள், முகர்ஜியின் மைத்துனன், லேபில் வேலை பார்த்த குமுத்லால் கங்குலி. தாடை பெரிதாக இருக்கிறது, இவன் நடிகனாகத் தேறமாட்டான் என்று ஓஸ்டன் சொன்னதாக ஒரு கதை உண்டு. ராய் கேட்கவில்லை. பையனுக்கு அசோக் குமார் என்று பெயர் வைத்தார்.

இந்தி தெரியாமல் எப்படி இந்திப் படம் எடுத்தார்? நமக்கு இது ஆச்சரியமாக இருக்கக் கூடாது. ஓஹையோக்காரர் எல்லிஸ் ஆர். டங்கன் தமிழ் தெரியாமலே ‘சதிலீலாவதி’யை எடுத்ததும் அதே 1936இல்தான், எம்.ஜி.ஆர். முகம் காட்டிய முதல் படம். டங்கன் ‘சகுந்தலை’, ‘மீரா’ என்று போய்க்கொண்டே இருந்தார். மலாடில் வசனத்துக்கு ஜே. எஸ். காஷ்யப், கதைக்கு நிரஞ்சன் பால், எல்லாவற்றுக்கும் மேலே ராய். தேவிகா ராணி பெர்லினில் உஃபாவில் பயிற்சி எடுத்தவர், அவருக்கு ஜெர்மானியர்களின் வேலை முறை அத்துப்படி. ஓஸ்டனின் பங்கு: சட்டகம், அசைவு, முகம், வேகம். வார்த்தை புரியாதவர் முகத்தைக் கூர்ந்து பார்ப்பார். தேவிகா ராணி அன்றைய நாடகபாணிக் கத்தல் இல்லாமல் மெதுவாகப் பேசி, பாதி விஷயத்தைக் கண்ணாலேயே முடித்துவிடுவதில் இந்த ஆளுக்குப் பெரிய பங்கு இருக்கிறது என்று நான் நம்புகிறேன்.

இனி ‘அச்சுத் கன்யா’. நிரஞ்சன் பாலின் மூலக்கதை ஒரு ரயில்வே கேட்டைச் சுற்றி எழுதியது. ராத்திரியில் கார் ஒன்று லெவல் கிராஸிங்கில் வந்து நிற்கும். பக்கத்தில் ஒரு பெண்ணின் நினைவுச்சின்னம். அதன் கதைதான் படம். கேட்கீப்பர் துக்கியா தலித். பாம்பு கடித்த மோகன் என்ற பிராமணக் கடைக்காரரின் விஷத்தை வாயால் உறிஞ்சிக் காப்பாற்றியவர். அன்றிலிருந்து இரண்டு வீடும் நட்பு. துக்கியாவின் மகள் கஸ்தூரியும் மோகனின் மகன் பிரதாப்பும் ஒன்றாக வளர்கிறார்கள். பெரியவர்கள் சிநேகிதர்களாக இருக்கலாம், பிள்ளைகள் கல்யாணம் செய்துகொள்ள முடியாது. ஊர் கூடிக் கலவரம் செய்கிறது. இருவருக்கும் வேறு வேறு இடத்தில் மணம் நடக்கிறது. கடைசியில் அதே கேட்டில், தண்டவாளத்தின்மேல் இரண்டு ஆண்கள் கட்டிப் புரண்டுகொண்டிருக்க, வரும் ரயிலை நிறுத்த ஓடுகிறாள் கஸ்தூரி. ரயில் அவளை அடித்துவிடுகிறது.

நான் பார்த்தது யூடியூபில் கிடைக்கும் தேய்ந்த பிரதி. ஒலி கரகரக்கும். அப்படியும் அந்த லெவல் கிராஸிங் கண்ணைவிட்டுப் போகவில்லை. ஊருக்குள் யார் எங்கே நிற்கலாம், யார் வீட்டில் யார் தண்ணீர் குடிக்கலாம் என்பதற்கெல்லாம் சட்டம் இருக்கிறது. கேட் மூடிவிட்டால் மட்டும் எல்லாச் சாதியும் நின்றாக வேண்டும். மூடும் கை தலித்துடையது. சாதி பார்க்காத ஒரே ஒரு இடம் அந்த ஊரில் அதுதான், கொல்வதும் அதுதான். வியர்ஷிங் அந்தக் கம்பிகளையும் சிக்னல் கம்பத்தையும் சாய்ந்த வெளிச்சத்தில் திரும்பத் திரும்பக் காட்டுவார், ஓஸ்டன் அவசரப்படுத்தமாட்டார். பத்து வருஷம் முன்னால் ரயிலே இல்லாத கனவு இந்தியாவைக் காட்டியவர், இப்போது ரயில்வே கேட்டில் கேமராவை ஊன்றிவிட்டார். யானைக்கூட்டத்தைவிட இது பெரிய காட்சி.

படத்தைத் தூக்கித் தலையில் வைத்துக்கொள்ளவும் வேண்டாம். தலித் பெண்ணாக வருவது புருவம் திருத்திய தேவிகா ராணி. காதலித்த தலித் பெண்ணைத் தியாகியாக்கிக் கொன்றுவிட்டால் யாருக்கும் சங்கடமில்லை. நேருவும் சரோஜினி நாயுடுவும் படத்தைப் பார்த்தார்கள் என்பதை ஸ்டூடியோ பெருமையாகச் சொல்லிக்கொண்டது. அதே 1936இல் அம்பேத்கர் ‘சாதி ஒழிப்பு’ நூலை வெளியிட்டார். கலப்பு மணமே சாதிக்கு மருந்து என்பது அதில் அவர் வைத்த வாதங்களில் முக்கியமானது. படம் அந்த மருந்தை வாய்வரை கொண்டுபோய்விட்டுக் கீழே ஊற்றிவிடுகிறது. அடுத்த வருஷம் தமிழில் கே. சுப்ரமணியம் ‘பாலயோகினி’ எடுத்தபோது இதைவிடத் தைரியமாக இருந்தார் என்பது என் கட்சி.

இப்போது, முன்னால் தள்ளிப்போட்ட விஷயம். ஓஸ்டன் அதே 1936இல் நாஜிக் கட்சியில் உறுப்பினராகச் சேர்ந்தார்.

வெளிநாட்டில் வேலை பார்த்த ஜெர்மானியர் பலர் சேர்ந்தார்கள், பாஸ்போர்ட், பிழைப்பு என்று சமாதானம் சொல்கிறவர்கள் உண்டு. எனக்கு ஒப்பவில்லை. நியூரம்பெர்க் சட்டங்கள் 1935 செப்டம்பரில் வந்துவிட்டன. யூதருக்கும் ஜெர்மானியருக்கும் கல்யாணம் கூடாது, உறவு கூடாது என்று அரசாங்கமே கெஜட்டில் போட்டது. அதற்கு அடுத்த வருஷம், பிறப்பின் பெயரால் இரண்டு பேரைச் சேரவிடாத ஊரைப் பற்றி மலாடில் உருக்கமாகப் படம் எடுக்கிறார் ஒருவர். அதே வருஷம், சேரவிடக் கூடாது என்று சட்டம் போட்ட கட்சிக்குச் சந்தா கட்டுகிறார். தூரத்து ஊரின் கொடுமை நன்றாகத் தெரிகிறது, சொந்த ஊருடையது தெரியவில்லை. கீழைநாட்டு மயக்கம் என்று சொல்கிறோமே, அதில் இதுவும் அடக்கம் என்று தோன்றுகிறது. கொடுமைகூட அடுத்தவன் ஊரில் நடந்தால்தான் கதையாகும்.

இத்தனைக்கும் பம்பாயிலேயே கண்ணெதிரில் ஆட்கள் இருந்தார்கள். வால்டர் காஃப்மன் என்ற இளம் யூத இசைக்கலைஞர், பெர்லினில் படித்தவர், 1934இல் பம்பாய்க்கு வந்து சேர்ந்தார். பிற்பாடு அகில இந்திய வானொலியில் வேலை பார்த்தார். காலையில் ரேடியோவைத் திருப்பினால் தம்புரா மீட்டலோடு ஒரு வயலின் எழும்புமே, ஆகாசவாணியின் அந்தச் சிக்னேச்சர் இசை அவர் அமைத்தது. நாஜிகள் துரத்திய உலகத்திலிருந்து வந்தவரும், நாஜிக் கட்சி அட்டை வைத்திருந்தவரும் ஒரே ஊரில் இந்தியர்களுக்காக வேலை செய்துகொண்டிருந்தார்கள்.

1939 செப்டம்பரில் போர் அறிவித்ததும் பிரிட்டிஷ் அரசு ஜெர்மானியர்களைச் சுற்றிவளைத்தது. ஓஸ்டன் அப்போது ‘கங்கண்’ எடுத்துக்கொண்டிருந்தார். அசோக் குமாரோடு லீலா சிட்னிஸ். படத்தை நடுவில் விட்டுவிட்டுக் காவலில் போனார். உதவியாளர்கள் முடித்தார்கள், படம் பிய்த்துக்கொண்டு ஓடியது. வயதானவர் என்று ஓஸ்டனை 1940இல் விடுவித்து ஜெர்மனிக்கு அனுப்பினார்கள். அதே வருஷம் மே மாதம் ஹிமான்ஷு ராய் இறந்துபோனார். ஓஸ்டன் தம்பி கட்டிய பழைய ஸ்டூடியோவில், பவேரியா ஃபிலிமில், போர் முடியும்வரை நடிகர் தேர்வு, ஆவணக்காப்பு என்று உட்கார்ந்த வேலை பார்த்தார். மறுபடி படம் எடுக்கவில்லை. 1956 டிசம்பரில் காலமானார்.

கூட வந்த பையன் வியர்ஷிங் திரும்பிப் போகவே இல்லை. முகாம்களில் போர் முழுக்க அடைபட்டுக் கிடந்துவிட்டு மறுபடி பம்பாய் சினிமாவுக்கே வந்தார். கமால் அம்ரோஹியின் ‘மஹல்’, ‘தில் அப்னா அவுர் ப்ரீத் பராயி’ அவருடையவை. ‘பாக்கீசா’வின் பெரும்பகுதியை எடுத்துவிட்டு, படம் முடியும் முன்பே 1967இல் பம்பாயில் இறந்தார். மலாடில் வேலைக்கு நடுவே லைக்கா கேமராவில் அவர் எடுத்துத் தள்ளிய படங்களைக் குடும்பத்தார் பாதுகாத்து, 2017இல் கோவாவில் கண்காட்சியாக வைத்தார்கள். அந்தப் புகைப்படங்களில் ஓஸ்டன் வெள்ளைச் சட்டையும் தொப்பியுமாக, சிடுசிடுவென்று நிற்பார்.

எதைப் பார்ப்பது என்று கேட்பவர்களுக்கு. ‘ஷிராஸ்’ஐ பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் 2017இல் சுத்தம் செய்து, அனுஷ்கா சங்கரின் புது இசையோடு வெளியிட்டது. ‘எ த்ரோ ஆஃப் டைஸ்’க்கு நிதின் சாஹ்னி இசை; 2007இல் லண்டன் டிரஃபால்கர் சதுக்கத்தில் திறந்தவெளியில் ஓட்டினார்கள். இரண்டும் பளபளவென்று இருக்கும், பெரிய திரை கிடைத்தால் விடாதீர்கள். ஆனால் ‘அச்சுத் கன்யா’வுக்கு அப்படி ஒரு ராஜமரியாதை எனக்குத் தெரிந்து கிடைக்கவில்லை. யூடியூபில் கோடும் புள்ளியுமாக இருப்பதைத்தான் பார்க்க வேண்டும். அதிலிருந்து ஆரம்பியுங்கள். ஹெட்ஃபோன் வேண்டாம், ஒலிபெருக்கியில் போடுங்கள். கரகரப்பு காதை அறுக்காது.